பை கேமரா பக்கம் இருக்கட்டும்

ஏசியைக் குறைக்கச் சொல்லலாமா வேண்டாமான்னு நீலாங்கரையிலேருந்து யோசிச்சிட்டே வர்றேன். இவருக்குக் குளிருது. வாயைத் திறந்து சொல்ல மாட்டார், ஆனா நகமெல்லாம் நீலம் பாரிச்சுக் கெடக்கு. குறைச்சா ஜாக்கெட்டுக்குள்ள வேர்க்கும், வேர்த்தா விக்கு ஓரத்துல பூசின பசை இளகும், வேர்வை மட்டும் படாம பாத்துக்கங்கக்கா, அப்புறம் என்னைக் குத்தம் சொல்லாதீங்கன்னு மேக்கப்மேன் சொல்லித்தான் அனுப்பினான். அதனால குளிரட்டும்னு கல்லு மாதிரி உக்காந்திருக்கேன். கட்டின பொண்டாட்டி செய்யற காரியமா இது செண்பகவல்லி, உன்னைத்தான் கேக்கறேன். வெளிய கத்திரி வெயில் கொளுத்துது, ஊரே தலையில துண்டைப் போட்டுட்டு ஓடுது, இந்த மனுஷன் என்னடான்னா பஞ்சு வெச்சுத் தெச்ச பனியன், அதுக்கு மேல சட்டை, அதுக்கு மேல தோல் ஜாக்கெட்டு, கண்ணுக்குக் கூலிங் கிளாஸ். ஹீரோவுக்கு வெயில் கிடையாது. ஹீரோவுக்கு வயித்துல கட்டியும் கிடையாது. மும்பைக்கு டாக்டரைப் பாக்கப் போறோம்னு எங்க ரெண்டு பேருக்கும் முன்சீட்டுல இருக்கற பி.ஆர்.ஓ. கிளமென்டுக்கும் தெரியும், அந்த மேக்கப்மேனுக்குத் தெரியும். ஊருக்குச் சொல்லியிருக்கறது, ஜெயந்தன் சார் குடும்பத்தோட லீவுக்குப் போறார், அடுத்த படத்துக்காக உடம்பைக் குறைச்சிருக்கார், புது கெட்டப். பெத்த பொண்ணுக்கும் அதுதான். கோயம்புத்தூர்ல ஹாஸ்டல்ல உக்காந்துட்டு அப்பா செம ஃபிட்டா இருக்காரும்மான்னு போன்ல சிரிக்கறா, நானும் ஆமாடின்னு சிரிக்கறேன், சிரிச்சு முடிச்சிட்டு குளியலறைக்குள்ள போய்க் குழாயைத் திறந்து விட்டுக்கறேன். போன மாசம் ஒரு கல்யாணத்துல எவனோ தூரத்திலேருந்து எடுத்த போட்டோவைப் போட்டு, அண்ணனுக்கு என்ன ஆச்சு, கன்னம் ஒட்டிப்போச்சேன்னு கேட்டுட்டான். அன்னியிலேருந்துதான் இந்தக் கூத்து. ஒளிஞ்சா தேடுவாங்க சார், நாமளே போய் முன்னால நின்னுட்டா பாத்துட்டுப் போயிடுவாங்கன்னு கிளமென்ட் சொன்னான். ஏர்போர்ட் வாசல்ல நிக்கற போட்டோ பசங்களுக்கு இந்த ஃப்ளைட்டு, இந்த கேட்டுன்னு நாங்களே ஆள் வெச்சுச் சொல்லியாச்சு. நாங்களே சொல்லிட்டு, அவனுங்களைப் பாத்ததும் அடடா நீங்களான்னு ஆச்சரியப்பட வேற செய்யணும். எல்லாரும் இப்படித்தான் செய்யறாங்க. ஆஸ்பத்திரிக்குப் போறவங்க செய்யறாங்களான்னு எனக்குத் தெரியாது.

நடக்கறதுதான் கஷ்டம். மருந்து ஏத்தி ஏத்தி ரெண்டு பாதமும் மரத்துப்போச்சு, தரையில கால் பட்டிருக்கா இல்லையான்னு குனிஞ்சு பாத்தாத்தான் இவருக்குத் தெரியும். குனிஞ்சு பாத்து நடக்கற ஹீரோ உண்டா. இந்த நடைக்குத்தானே விசில் அடிச்சானுங்க, தியேட்டர்ல இவர் முகம் வர்றதுக்கு முன்னாடி ஷூவைக் காட்டுவாங்க, ஷூவுக்கே பேப்பரைக் கிழிச்சு எறிவானுங்க. அதனால இன்னிக்கு நான் ஊன்றுகோல். கோல்னு சொல்லலை, கப்பிள் லுக்னு சொன்னாங்க. சாரும் மேடமும் கையைக் கோத்துட்டு வர்றீங்க, பழைய லவ்வு அப்படியே இருக்குன்னு போட்டுக்குவோம். சரிப்பா. இவர் எடை பூரா என் இடது முழங்கையில, சிரிப்பு என் மூஞ்சியில. எனக்கு அதுகூட வருத்தம் இல்ல. ரிப்போர்ட் வந்த அன்னிக்கு மாடி ரூம்ல என் கையைப் பிடிச்சிட்டு ஒண்ணே ஒண்ணுதான் கேட்டார், எவனும் என்னைப் பாவம்னு பாக்கக் கூடாது செம்பா, அது மட்டும் வேண்டாம். பொழைச்சுக்குவேனான்னு கேக்கலை, பாப்பா கல்யாணம்னு சொல்லலை, இதைத்தான் கேட்டார். சரின்னு அவர் தலையில அடிச்சு சத்தியம் பண்ணிட்டேன். அதுக்காக வெயில்ல ஜாக்கெட்டு மாட்டி விட்டிருக்கேன், அதுக்காக நேத்து ராத்திரி முடி உதிர்ந்த தலையைத் துடைச்சு விட்டுட்டு எதுவும் நடக்காத மாதிரி விளக்கை அணைச்சேன். இந்த மடியில கெடக்கற பையை மட்டும் என்னால பொறுக்க முடியலை. என்ன நாத்தம் இது. ஏறினதிலேருந்து வருது. புதுத் தோல் வாசனைன்னு முதல்ல நெனச்சேன். தோல் இப்படியா அடிக்கும், இது செருப்புக் கடையில அடிக்கற நாத்தம், ஒட்டற சொல்யூஷன் டப்பாவைத் திறந்து வெச்ச மாதிரி. மத்தியானம் இவருக்கு ஊட்டின கஞ்சி அவர் வயித்துல இருக்கணும், இந்த நாத்தத்துல குமட்டிக் கிமட்டி வெச்சிடப் போறார்னு பையை என் பக்கமா இழுத்து வெச்சுக்கறேன்.

காலையில ஸ்டைலிஸ்ட் பொண்ணு கொண்டுவந்து குடுத்த பை. பாரிஸ் கம்பெனிப் பை, பழுப்புக் கட்டத்துல பூப்போட்டு, தங்கக் கலர்ல பூட்டு. நமக்கு இதெல்லாம் சொந்தம் கிடையாது, எவங்களுக்கும் கிடையாது, பாம்பேயிலேருந்து ஒருநாளைக்கு வரும், விலைச் சீட்டை உள்ள மடிச்சு விட்டுட்டு மாட்டிக்கிட்டு நின்னு சிரிச்சிட்டு மறுநாள் திருப்பி அனுப்பிடணும். காபி பட்டுச்சா கறை பட்டுச்சான்னு அவ மோந்து பாத்து வாங்கிட்டுப் போவா. போன வருஷம் ஒரு ரிசப்ஷனுக்கு இதே பையை நான் மாட்டியிருக்கேன். அது கனம். பச்சப்புள்ளையைத் தூக்கி வெச்சிருக்கற மாதிரி ஒரு கனம், ஜிப்பு இழுத்தா சத்தமே வராது. இது காத்து மாதிரி இருக்கு. ஜிப்பு பாதியில நிக்குது. பூட்டுல கட்டைவிரலை வெச்சுத் தேய்ச்சுப் பாக்கறேன், விரல்ல மஞ்சளா ஒட்டுது. உள்ளங்கையைத் திருப்பினா அங்கயும் பழுப்பு, வேர்த்த கையில சாயம் எறங்கியிருக்கு. கடவுளே. ஓரத்துத் தையலைத் தேடறேன், கட்டத்துல பூ இந்தப் பக்கம் பாதி, அந்தப் பக்கம் பாதி சேர்ந்து முழுப் பூவா வரணும், இங்க இந்தப் பக்கம் பாதிப் பூ, அந்தப் பக்கம் வெறும் கட்டம். இதைத்தானே அவனுங்க தேடுவானுங்க. தூக்கம் வராம போனைப் பாத்துப் பாத்து எனக்கே மனப்பாடம் ஆயிருக்கு, எவ என்ன மாட்டிட்டு வந்தா, அது என்ன விலை, அசலா நகலான்னு சிவப்பு வட்டம் போட்டுக் காட்டறதுக்குன்னே ஆளுங்க இருக்கானுங்க. அந்தக் கன்னடத்துப் பொண்ணு ஒருத்தி டூப்ளிகேட் பெல்ட்டைப் போட்டுட்டு விழாவுக்கு வந்து பட்ட பாடு, ஒரு மாசம் அவ பேரைச் சொல்லவே இல்ல, பெல்ட்டுன்னுதான் சொன்னானுங்க. எங்க அம்மா கோவில்பட்டியில எல்லாக் கல்யாணத்துக்கும் கவரிங்தான் போட்டுட்டுப் போவா. எல்லாருக்கும் தெரியும், எவளாவது கழுத்தைப் பிடிச்சு உரசிப் பாத்தாளா. நல்லாருக்குக்கான்னு சொல்லிட்டு அடுத்த பந்திக்கு நகந்துடுவாங்க. இவனுங்க உரசிப் பாக்கறதுக்குத்தான் பொறந்திருக்கானுங்க.

எந்தக் கூறுகெட்டவ இதைக் குடுத்து விட்டா, அவளைச் சொல்லணும். காரை நிறுத்தி எதாவது கடையில துணிப்பை வாங்கிக்கலாமா. பையே இல்லாம போனா என்ன. போனேன்னா மாத்திரை எங்க வைக்கறது, இவர் வாந்தி எடுத்தா பிடிக்கற கவர் எங்க வைக்கறது, இந்த நாலாந்தரப் பைக்குள்ளதான் இவர் உசிரே இருக்கு. ரேடியல் ரோடுல வண்டி ஊர்ந்துட்டுப் போகுது. ஜன்னல்ல பள்ளிக்கரணை, தண்ணி வத்தி சேறும் புல்லுமா, நாரை நாலஞ்சு நிக்குது, அதுக்குப் பின்னால குப்பை மலை. இவர் அதையே பாத்துட்டு வர்றார். கண்ணாடிக்குள்ள கண்ணு எங்க இருக்குன்னு தெரியலை. நான் மெதுவா முன்னால சாய்ஞ்சு, கிளமென்டு, இந்தப் பை டூப்ளிகேட்டுப்பா, அந்தப் பொண்ணு மாத்திக் குடுத்திருக்கான்னு சொல்றேன். அவன் பதறுவான்னு நெனச்சேன். அவன் திரும்பவே இல்ல. போன்ல எதையோ தட்டிட்டிருந்தான். டிரைவர் ரேடியோவைக் கொஞ்சம் கூட்டினான், நல்ல பழக்கம் உள்ள டிரைவர்.

"தெரியும் மேடம். நான்தான் வாங்கச் சொன்னேன்."

புரியலை எனக்கு. அப்புறம் அவன் திரும்பி, பொறுமையா, சின்னக் கொழந்தைக்குச் சொல்ற மாதிரி சொல்றான், பசங்க எதையாவது ஜூம் பண்ணத்தான் போறாங்க மேடம், சார் கழுத்தை ஜூம் பண்ணினா நாம காலி, பையை ஜூம் பண்ணினா நாளைக்கு மறந்துடுவாங்க.

"பை கேமரா பக்கம் இருக்கட்டும். அவ்வளவுதான் நீங்க செய்யணும்."

அவ்வளவுதானாம். வாய்ல வந்ததைக் கொட்டியிருப்பேன், ஆனா பக்கத்துல இவர் இருக்கார், இவருக்குத் தெரிஞ்சா இந்தக் கிளமென்டைக் காரை விட்டு எறக்கியே விட்டுடுவார்னு ஒரு நிமிஷம் எனக்குப் பெருமையாக்கூட இருந்துச்சு. என்னங்க, கேட்டீங்களான்னு திரும்பினேன். இவர் குப்பை மலையைப் பாத்துட்டே இருக்கார். கேட்டது தெரியுது, கண்ணாடியை மூக்குல ஏத்தி விட்டுக்கறார். உங்களுக்குத் தெரியுமாங்கன்னு கேட்டேன்.

"நேத்தே சொன்னான்."

நேத்தே. நேத்து எப்பன்னு மனசு கணக்குப் போட ஆரம்பிச்சிடுச்சு. கிளமென்ட் வந்தது சாயங்காலம். அதுக்கப்புறம் இவருக்குக் கஞ்சி ஊட்டினேன், ரெண்டு வாய் எறங்கலைன்னு மடியில சாய்ச்சு வெச்சு ஊட்டினேன், அப்ப தெரியும். தலையைத் துடைச்சேன், அப்ப தெரியும். நாளைக்கு எந்தப் புடவை கட்டட்டும்னு ரெண்டைக் காட்டிக் கேட்டேன், வெளிர் நீலம் கட்டு செம்பா, உனக்கு நல்லாருக்கும்னார், அப்பவும் தெரியும். பழுப்புப் பை நீலத்துலதான் எடுப்பாத் தெரியும், ஐயோ, அதுக்காகவா சொன்னார். சேச்சே, அப்படி இருக்காது. இருந்தாலும் இருக்கும். நாரை ஒண்ணு பறக்குது, காலைத் தொங்கப் போட்டுட்டு, அது பாட்டுக்குப் போகுது. நேத்தே. சொல்லியிருந்தா நான் மாட்டேன்னா சொல்லியிருப்பேன். சத்தியம் பண்ணினவ நான். பத்துப் பை மாட்டிட்டு வந்திருப்பேன், கழுதை மாதிரி. உனக்குச் சொன்னா மூஞ்சியில காட்டிடுவே, நடிக்க வராது உனக்குன்னு இவர் மெதுவாச் சொல்றார், எனக்குச் சொல்றாரா ஜன்னலுக்குச் சொல்றாரா. நடிக்க வராதாம் எனக்கு. கல்யாணம் ஆன புதுசுல, ஹீரோவுக்குப் பொண்டாட்டி இருந்தா பொண்ணுங்க தியேட்டருக்கு வராதுன்னு எவனோ சொன்னான்னு, வீட்டுக்கு வர்ற பத்திரிகைக்காரங்களுக்குக் காபி குடுத்துட்டு நான் இவரோட சித்தப்பா பொண்ணுன்னு சொல்லிட்டு நின்னவ நான். வயித்துல பாப்பா இருந்தப்ப வடபழனி வீட்டுப் பின்ரூம்ல ஜன்னலைச் சாத்திட்டு உக்காந்திருந்தேன். அண்ணி இல்லாத அண்ணன் வீட்டுல கைக்குழந்தைத் துணி எப்படிக் காயுதுன்னு எவனும் கேட்டுடக் கூடாதுன்னு ஃபேனுக்கு அடியில காயப் போட்டேன். அப்புறம் நாலு படம் ஊத்திக்கிச்சு, குடும்ப ஆடியன்ஸ் வேணும்னாங்க, உடனே என்னைத் தூசி தட்டி வெளிய கொண்டாந்தாங்க, பட்டுப்புடவை, மல்லிகைப்பூ, இவர் எனக்குப் பொங்கல் ஊட்டற மாதிரி அட்டைப்படம். அந்தப் பொங்கல்ல பளபளப்புக்கு என்னமோ எண்ணெயைத் தடவியிருந்தானுங்க, ரெண்டு நாளைக்கு நாக்கு போச்சு. அப்ப போட்டானுங்க பாருங்க, அண்ணனுக்கு இப்படி ஒரு பட்டிக்காடான்னு. அன்னிக்கு இவர் அந்தப் பேப்பரைக் கிழிச்சு எறிஞ்சார். கண்ணு செவந்து, இனிமே உன்னை எவனும் ஒண்ணு சொல்லக் கூடாது செம்பான்னார். அதுல நான் இருபது வருஷம் வாழ்ந்திருக்கேன். அந்தக் கிழிச்ச சத்தத்துல. இப்ப அவரே என்னைத் தூக்கி அவனுங்க முன்னால போட்டுட்டார், இந்தா இவளைக் கடிங்கடான்னு, நேத்தே போட்டுட்டார், நான்தான் இன்னிக்குத் தெரிஞ்சுக்கறேன்.

கோவம் வருதா எனக்கு, வருது. கையை உதறிட்டு எறங்கிப் போயிடணும் போல இருக்கு. பல்லாவரம் பாலத்துல ஏறுது வண்டி. உதறினா விழுந்துடுவார். அதுதான் கொடுமை, கோவப்படக்கூட வழி இல்லாம ஒருத்தரைப் பிடிச்சிட்டு நடக்கறது. இந்தக் கையை இன்னும் எத்தனை மாசம் பிடிச்சிட்டிருப்பேன். டாக்டர் சொல்லலை, நாமளும் கேக்கலை. எனக்குத் தெரியும், எல்லாம் முடியற அன்னிக்கும் இந்தக் கிளமென்ட்தான் வாசல்ல நிப்பான், கேமராவுக்கு எந்தப் பக்கம்னு அவன்தான் சொல்லுவான், அந்த ஸ்டைலிஸ்ட் பொண்ணு எனக்கு வெள்ளையில ரெண்டு மூணு கொண்டுவந்து மேடம் இது கசங்காதுன்னு காட்டுவா. இவருக்கும் விக்கு வெச்சுத்தான் கண்ணாடிப் பெட்டியில படுக்க வைப்பாங்க, பஞ்சுப் பனியனோட. ஐயோ செண்பகவல்லி, என்ன நெனப்பு இது, தூ, வாயைக் கழுவு. பக்கத்துல உசிரோட இருக்கார், மூச்சு விடறார், முட்டி மேல கை கெடக்குது, கை நடுங்குது, நீ அதுக்குள்ள பெட்டியில வெச்சிட்டே. அந்தக் கையை எடுத்து என் கைக்குள்ள வெச்சுக்கறேன், ஐஸ் மாதிரி இருக்கு. மன்னிச்சுக்கோன்னு சொல்லுவார்னு காத்திருக்கேன். ஜாக்கெட் காலரை மட்டும் சரி பண்ணிக்கறார், விமானம் ஒண்ணு தலைக்கு மேல தாழப் போகுது, மீனம்பாக்கம் வந்துடுச்சு.

எறங்கியாச்சு. வெக்கை மூஞ்சியில அறையுது. முன்னாடியே நிக்கறானுங்க, பத்துப் பேர் இருக்கும், கேமரா கொஞ்சம், போன்தான் ஜாஸ்தி. அண்ணா அண்ணான்னு சத்தம். நான் சுத்தி வந்து இவர் வலது கையை என் இடது கையில வாங்கிக்கறேன், அப்பப்பா, மனுஷன் மொத்தமாச் சாயறார், சிரிங்க, சிரிக்கறோம். பை என் வலது தோள்ல, கேமரா பக்கம். வெக்கமா இருக்கு, உடம்பெல்லாம் கூசுது, அந்தப் பாதிப் பூவை உள்பக்கமாத் திருப்பிட்டா என்னன்னு ஒரு நெனப்பு, திருப்பிட்டேன். ஆமாம், திருப்பிட்டேன். நான் ஏன் சிரிப்பாச் சிரிக்கணும், என் பொண்ணு ஏன் ஹாஸ்டல்ல தலை குனியணும். கிளமென்ட் அங்கிருந்து கண்ணைக் காட்டறான், நான் பாக்காத மாதிரி நடக்கறேன். புது கெட்டப்பா அண்ணேன்னு எவனோ கேக்கறான், இவர் கட்டை விரலைத் தூக்கறார், அந்த விரல் மட்டும் ஆடாம நிக்குது, எப்படித்தான் நிறுத்தினாரோ. ஒரு கேமரா மெதுவா எறங்குது, கழுத்துக்கு, ஜாக்கெட்டுக்கும் கழுத்துக்கும் நடுவுல ரெண்டு விரல் போற இடைவெளி இருக்கே அங்க. அடுத்து ஷூவுக்கு எறங்குது. இவர் கால் வாசல் சரிவுல ஏற வேண்டிய இடத்துல ஏறலை, தேயுது. இன்னும் கொஞ்சந்தான், கேட்டு வந்துடுச்சு. வாசல்ல நிக்கற போலீஸ்காரர் வடக்கத்தி ஆள், நல்ல உசரம், இவர் யாரு எவருன்னு ஒண்ணும் தெரியாது. டிக்கெட்டைப் பாத்தார், ஆதாரைப் பாத்தார், இவரைப் பாத்தார்.

"சஷ்மா உதாரியே, சார்."

கண்ணாடியைக் கழட்டச் சொல்றார். எல்லாத்தையும் யோசிச்ச கிளமென்ட் இதை யோசிக்கலை. இவரும் யோசிக்கலை. எத்தனை படத்துல ஏர்போர்ட் செட்டு, கண்ணாடியோட உள்ள போவார், கண்ணாடியோட வெளிய வருவார், எந்த வாசல்லயும் எவனும் கழட்டச் சொன்னதில்லையே. கழட்டினா முடிஞ்சுது. அந்தக் கண்ணை நான் தினம் பாக்கறேன், ரெண்டு குழி, கீழ கறுத்து, வெள்ளை மஞ்சளாகி, இமையில ஒரு மயிர் இல்லாம. இவர் என்னைத் திரும்பிப் பாக்கறார். கல்யாணம் ஆனதிலேருந்து இவர் அப்படி என்னைப் பாத்ததில்ல. பின்னால ஷூ சத்தம், பசங்க கிட்ட வந்துட்டானுங்க. எனக்கு என்ன வந்துச்சோ தெரியாது. இவர் கையை எடுத்து அங்கிருந்த கம்பியில வெச்சுட்டு நான் திரும்பி நின்னேன், இவருக்கு முதுகைக் காட்டி, அவனுங்களுக்கு மூஞ்சியைக் காட்டி, நல்லா அகலமா. பையைத் தோள்லேருந்து கழட்டி மாருக்கு நேராத் தூக்கிப் பிடிச்சேன், பாதிப் பூ வெளிய தெரியற மாதிரி. தம்பிங்களா, எல்லாரும் அவரையே எடுக்கறீங்களே, என்னை எடுக்க மாட்டீங்களான்னு கேட்டேன், அந்தக் குரல் எனக்கே தெரியாது, எவளோ பேசற மாதிரி இருந்துச்சு. ஒருத்தன் சிரிச்சான். மேடம், பை புதுசான்னான். பாரிஸ்லேருந்து சார் எனக்கு ஸ்பெஷலா வாங்கித் தந்தது, ஒரிஜினல், கையாலயே செஞ்சதுன்னு சொல்லி, இந்தப் பக்கம் திருப்பி, அந்தப் பக்கம் திருப்பி, பூட்டைத் திறந்து மூடி, உதட்டைக் குவிச்சு இந்தக் காலத்துப் பொண்ணுங்க நிக்கற மாதிரி ஒரு காலை முன்னால வெச்சு நின்னேன், நாப்பத்தஞ்சு வயசுல. எல்லா கேமராவும் என் மேல. பூட்டுக்கிட்ட போன் வருது, தையலுக்கிட்ட வருது, ஒருத்தன் இன்னொருத்தன் முழங்கையை இடிக்கறான், கண்டுபிடிச்சிட்டானுங்க, அவனுங்க மூஞ்சியில அந்தச் சிரிப்பு வருது பாருங்க, அதைப் பாத்துட்டே நான் இன்னும் கொஞ்சம் நிமிந்தேன். முதுகுக்குப் பின்னால, டீக் ஹை சார், ஜாயியேன்னு அந்தப் போலீஸ்காரர் உள்ள போகச் சொல்றது கேட்டுச்சு. அப்புறந்தான் மூச்சு விட்டேன்.

உள்ள லவுஞ்சுல தூண் மறைவுல ஒரு சோபா கெடச்சுது. இவரைச் சுவத்தைப் பாக்க உக்கார வெச்சு, கழுத்துகிட்ட ஜாக்கெட்டைத் தளர்த்தி விட்டு, மாத்திரை குடுத்தேன். தண்ணி குடிக்கறப்ப பாதி சட்டையில வழிஞ்சுது, தொடைச்சேன். தேங்க்ஸும் சொல்லலை, ஸாரியும் சொல்லலை, நானும் எதிர்பாக்கலைன்னு எனக்குள்ள சொல்லிட்டேன். போன் அதுக்குள்ள துடிக்க ஆரம்பிச்சிடுச்சு. பாப்பாதான் முதல்ல. அம்மா என்னம்மா அந்தப் பை, ஹாஸ்டல் பூரா பாக்கறாங்க, இனிமே யார்கிட்டயும் எதுவும் பேசாதே ப்ளீஸ். ப்ளீஸ் மட்டும் அஞ்சாறு தடவை. போனை மடியில கவுத்து வெச்சேன். கிளமென்ட் பெட்டிக்கு டோக்கன் போட்டுட்டு ஓடி வந்தான், மூஞ்சி பூரா வெளிச்சம். மேடம் நீங்க நடிக்க வந்திருக்கணும், பிச்சுட்டீங்க, எங்க பாத்தாலும் பைதான், சாரைப் பத்தி ஒரு வார்த்தை இல்லைன்னான். அவனுக்கு அது நல்ல சேதி. எனக்கும் நல்ல சேதிதான். இவர் தலையைத் தூக்கினார்.

"ஒரு வார்த்தைகூடவா?"

இல்ல சார், க்ளீன்னு சொல்லிட்டு கிளமென்ட் காபி வாங்கப் போயிட்டான். இவர் கையை நீட்டினார், போனைக் குடுத்தேன். எட்டத்துல பிடிச்சார், கிட்டத்துல பிடிச்சார். வெளிய வந்தா படிக்கற கண்ணாடி கொண்டுவர மாட்டார், வயசு தெரிஞ்சிடும்னு. கூலிங் கிளாஸை நெத்திக்கு ஏத்திட்டு, அந்தக் குழிஞ்ச கண்ணைச் சுருக்கி, விரலால தள்ளித் தள்ளிப் பாத்தார். படத்துல நான் இருக்கேன், பை இருக்கு, பையைச் சுத்திச் சிவப்பு வட்டம் இருக்கு. இவர் இருந்த இடத்துல ஜாக்கெட் ஓரம் கொஞ்சம், அவ்வளவுதான், மீதியை வெட்டிட்டானுங்க. முப்பது வருஷத்துல இவர் இருக்கற படத்துல இவரை வெட்டி யாரும் போட்டதில்ல. போனைத் திருப்பி என்கிட்டயே குடுத்தார்.

"என்னைப் பத்தி என்ன போட்டிருக்கான்னு படி செம்பா."

தேடினேன். சத்தியமாத் தேடினேன். மேல போனேன், கீழ போனேன். பாரிஸா, பர்மா பஜாரான்னு ஒருத்தன். கையால செஞ்சதுதான், எந்தக் கைன்னுதான் தெரியலைன்னு ஒருத்தன். இந்த வயசுல ஆண்ட்டிக்கு ஆசையைப் பாருன்னு ஒருத்தன், அதுக்குக் கீழ வரிசையாச் சிரிக்கற மூஞ்சி. பட்டிக்காடு பட்டிக்காடுதான்னு ஒரு பொண்ணு. ஜெயந்தன்னு ஒரு எழுத்து இல்ல. இவர் என் வாயையே பாத்துட்டிருக்கார், ரிசல்ட்டுக்கு நிக்கற புள்ளை மாதிரி. எனக்குக் கோவம் இன்னும் போகலை, நெஞ்சுல அப்படியே இருக்கு, ஒண்ணுமே இல்லங்க, உங்களை ஒருத்தனும் பாக்கலைன்னு சொல்லிடலாம், அதுதான் நீங்க கேட்டதுன்னு சொல்லலாம். வாய் வரைக்கும் வந்துச்சு. அண்ணன் நடந்து வர்ற ஸ்டைலே தனின்னு ஒருத்தர் போட்டிருக்கார்னு சொன்னேன். யாருன்னு கேட்டார். தேனிக்காரர்போல, முத்துக்காளைன்னு பேர் போட்டிருக்குன்னேன். தேனியில நமக்கு எப்பவும் நல்ல ஆளுங்கன்னு சொல்லிட்டு சோபாவுல சாய்ஞ்சார், முகத்துல ரொம்ப நாளைக்கப்புறம் ஒரு தெளிவு. அப்புறம்னார். அண்ணனுக்கு வயசே ஆகலைன்னு ஒருத்தர். அப்புறம். புது கெட்டப் வேற லெவல், படம் எப்போன்னு கேக்கறாங்க. கண்ணை மூடிட்டு, இன்னும் கீழ போய்ப் பாருன்னார். விரலை வெச்சுத் தள்ளினேன், எங்க அம்மாவைப் பத்திக்கூட எவனோ எழுதியிருந்தான், அதைப் பாத்துட்டே அடுத்ததைப் படிச்சேன்.